கேம் பாய் கடைசியாக வந்த ஊர்கள்

1989 ஏப்ரல் 21. ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் கேம் பாய் என்ற கையடக்க விளையாட்டுக் கருவியை 12,500 யென் விலையில் கடைக்கு அனுப்பியது. அன்றைக்குப் பெரம்பலூரும் அரியலூரும் திருச்சி மாவட்டத்துத் தாலுகாக்கள். பெரம்பலூர் தனி மாவட்டமானது 1995இல். அரியலூர் 2001இல் பிரிந்து, மறு ஆண்டே பெரம்பலூரோடு சேர்ந்து, 2007 நவம்பரில் திரும்பவும் தனியானது. இந்த எல்லைகள் மாறிக்கொண்டிருந்த பதினெட்டு ஆண்டுகளில் கேம் பாயும் அதன் அடுத்த பதிப்பான கேம் பாய் கலரும் சேர்ந்து உலகெங்கும் 11 கோடியே 86 லட்சத்துக்கு மேல் விற்றுத் தீர்ந்தன. சிங்கப்பூரிலோ துபாயிலோ வேலை பார்த்த அப்பாவோ மாமாவோ வாங்கி வந்தால் ஒழிய, லெப்பைக்குடிகாட்டிலும் ஜெயங்கொண்டத்திலும் ஒரு பையன் அதைத் தொட்டுப் பார்க்க வழி இருக்கவில்லை.

அதனால் இந்த இரண்டு மாவட்டங்களில் கையடக்க விளையாட்டின் வரலாறு தலைகீழாக நடந்தது. நகல் முதலில் வந்தது. அசல் கடைசியில்தான் வந்தது, அதுவும் இன்னொரு கருவியின் வயிற்றுக்குள் உட்கார்ந்துகொண்டு.

கேம் பாய்க்கு நான்கு பென்சில் பேட்டரி வேண்டும். திரையில் பச்சையின் நான்கு சாயல்கள் மட்டுமே. பின்னால் விளக்குக் கிடையாது. வெளிச்சத்தில் பிடித்தால்தான் படம் தெரியும். அதே ஆண்டு அடாரி நிறுவனம் வண்ணத் திரையும் விளக்குமாக லின்க்ஸ் என்ற கருவியை இறக்கியிருந்தது. ஆறு பேட்டரிகளைச் சில மணி நேரத்தில் தின்று தீர்த்த லின்க்ஸ் போட்டியில் நிற்கவில்லை. கேம் பாயை உருவாக்கிய குழுவின் தலைவர் குன்பெய் யோகோய் மங்கலான திரையைத் தெரிந்தே ஏற்றார். எல்லோருக்கும் பழகி, விலை இறங்கி, குறை நிறை எல்லாம் வெளிப்பட்டுவிட்ட தொழில்நுட்பத்தை எடுத்துப் புது வேலைக்குத் திருப்ப வேண்டும் என்பது அவருடைய கொள்கை. ஷின்கான்சென் ரயிலில் ஒருவர் பொழுது போகாமல் கால்குலேட்டர் பொத்தான்களை அமுக்கிக்கொண்டிருந்ததைப் பார்த்துத்தான், 1980இல் வந்த கேம் அண்ட் வாட்ச் கருவியை அவர் யோசித்ததாகச் சொல்வார்கள். கால்குலேட்டர் திரை மலிந்துபோன நேரம் அது.

அந்த மலிவை நம் ஊர்வரை கொண்டுவந்தவை பெயர் தெரியாத சீனத் தொழிற்சாலைகள்.

தொண்ணூறுகளில் தேர்த்திருவிழாக் கடைகளில், வளையலுக்கும் பலூனுக்கும் நடுவே, ‘9999 இன் 1’ என்று எழுதிய அட்டைப்பெட்டிகள் தொங்கின. சிறுவாச்சூர் மதுரகாளியம்மன் கோயிலாகட்டும், கல்லங்குறிச்சி கலியுக வரதராசப் பெருமாள் கோயிலாகட்டும், திருவிழாக் கடை என்றால் பிள்ளைகள் அடம்பிடித்து நிற்கும் இடம் ஒன்று இருக்கும். அந்த இடத்தை இந்தப் பெட்டி பிடித்துக்கொண்டது. உலகம் இதை பிரிக் கேம் என்றது. இங்கே வெறும் வீடியோ கேம். உள்ளே இருந்தவை 9,999 விளையாட்டுகள் அல்ல. பத்திருபது விளையாட்டுகளையே வேகத்தையும் கட்டத்தையும் மாற்றி மாற்றி எண்ணிய கணக்கு அது. கட்டை அடுக்குவது, கார் ஓட்டுவது, டாங்கி சுடுவது, பாம்பு வளர்ப்பது. இரண்டு பென்சில் பேட்டரி போதும்.

அதன் திரையில் அகலத்துக்குப் பத்து, உயரத்துக்கு இருபது என மொத்தம் 200 சதுரங்கள். கேம் பாய் திரையிலோ 160க்கு 144, அதாவது 23,040 புள்ளிகள். இருநூறு சதுரத்தில் என்ன விளையாட முடியும் என்று தோன்றும். ஆனால் பத்துக்கு இருபது என்ற அந்த அளவு டெட்ரிஸ் விளையாட்டின் அளவேதான். மாஸ்கோவில் கணினி ஆய்வாளராக இருந்த அலெக்ஸி பஜித்னோவ் 1984இல் எழுதத் தொடங்கிய விளையாட்டு அது. கேம் பாய்க்காக அதன் உரிமையைப் பெற 1989இல் விளையாட்டு வெளியீட்டாளர் ஹென்க் ரோஜர்ஸ் மாஸ்கோவுக்கே போய் நின்றார். அமெரிக்காவில் கேம் பாய் வாங்கியவர்களுக்கு டெட்ரிஸ் கேசட் பெட்டியிலேயே கிடைத்தது. பனிப்போர்க் காலத்து மாஸ்கோவில் பேரம் பேசி வாங்கிய அதே விளையாட்டை, பெயரும் தெரியாமல் உரிமமும் இல்லாமல், கல்லங்குறிச்சிப் பெருமாளைச் சேவித்துத் திரும்பிய ஒரு சிறுமி பேருந்தின் ஜன்னலோரம் உட்கார்ந்து ஆடினாள்.

பிள்ளைகளுக்குக் கருவி முக்கியமில்லை. இது நம் மண்ணில் புதிதும் இல்லை. தாயக்கட்டம் சுண்ணாம்புக்கட்டியாலோ கரியாலோ திண்ணையில் வரைந்தால் போதும். பதினான்கு குழி கொண்ட பல்லாங்குழிப் பலகை சீர்வரிசையோடு வந்த வீடும் உண்டு. பலகை இல்லாத வீட்டுப் பிள்ளைகள் மண்ணில் குழி பறித்துப் புளியங்கொட்டை போட்டு ஆடியதும் உண்டு. பலகை மாறினாலும் ஆட்டம் மாறுவதில்லை. இந்தப் பழக்கத்தோடு வளர்ந்தவர்களுக்கு, ஒரு கருவியின் விளையாட்டை இன்னொரு கருவியில் ஆடுவது தவறாகவோ வியப்பாகவோ படவில்லை.

அடுத்து நோக்கியா. 1997இல் டானெலி அர்மான்டோ என்ற பின்லாந்துப் பொறியாளர் நோக்கியா 6110 போனுக்காகப் பாம்பு விளையாட்டை எழுதினார். இங்கே அது பரவியது 2003இல் வந்த நோக்கியா 1100 வழியாக. அந்த போனின் தலையில் ஒரு டார்ச் விளக்கு இருந்தது. பெரம்பலூர்ப் பக்கம் பருத்தியும் மக்காச்சோளமும் சின்ன வெங்காயமும் போட்ட விவசாயிக்கு மூணு ஃபேஸ் கரண்ட் வருவது பெரும்பாலும் ராத்திரியில். மோட்டார் போட வரப்பில் நடக்கும்போது டார்ச் உதவியது. பாத்தி நிரம்பும்வரை காத்திருந்த நேரத்தில் 2, 4, 6, 8 எண்களை அமுக்கிப் பாம்பை ஓட்ட முடிந்தது. வீட்டுக்கு ஒரே போன் என்பதால் பகலில் அது பிள்ளைகள் கைக்கு எப்போது வரும் என்பதே ஒரு போராட்டம். 2006இல் சென்னைக்கு அருகே ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா ஆலை தொடங்கியது. தமிழகத்தின் பல மாவட்டங்களிலிருந்து போன இளம்பெண்கள் அங்கே போன்களைக் கோர்த்தார்கள். 2014 நவம்பர் 1 அன்று அந்த ஆலையில் உற்பத்தி நின்றது. விளையாட்டைச் சுமந்த கருவி நம் பெண்களின் கையால் உருவான காலம் எட்டே ஆண்டுகள்தான். நம் தொழில் வரலாற்றில் அது இன்னும் பெரிதாகப் பேசப்பட வேண்டிய அத்தியாயம்.

வண்ணத்திரை போன்கள் வந்ததும் செல் கடைகள் முளைத்தன. மெமரி கார்டைக் கொடுத்தால் பாட்டு, படம், கேம் எல்லாம் ஏற்றித் தருவார்கள். ஜாவாவில் இயங்கும் அந்தப் போன்களுக்கு மீபாய் என்றொரு மென்பொருள் இருந்தது. கேம் பாய் கேசட்டிலிருந்து எடுத்த ஃபைலை போன் படிக்கும்படி கட்டித் தருவது அதன் வேலை. கேம் பாய் எப்படி இருக்கும் என்றே பார்த்திராதவர்களுக்கு கேம் பாய் விளையாட்டு கிடைக்க இப்படி ஒரு வழி திறந்தது.

வழியைப் பெரிதாக்கியது இலவச லேப்டாப். 2011 செப்டம்பரில் தமிழக அரசு அரசுப் பள்ளி, அரசு உதவிபெறும் பள்ளி, கல்லூரி மாணவர்களுக்கு லேப்டாப் கொடுக்கத் தொடங்கியது. அரசின் எல்காட் நிறுவனம் வாங்கிக் கொடுத்த அவற்றின் எண்ணிக்கை முதல் ஆண்டுக்கு மட்டும் சுமார் 9 லட்சம். விண்டோஸ், பாஸ் லினக்ஸ் என்ற இரண்டு இயங்குதளங்களும் சேர்ந்து வந்த அந்த லேப்டாப்தான் பெரம்பலூர், அரியலூர்க் கிராமங்களில் பல வீடுகள் கண்ட முதல் கணினி. பென் டிரைவ் வழியாக ஒன்றிலிருந்து ஒன்றுக்குப் போன ஃபைல்களில் பாட்டும் சினிமாவும் இருந்தன. கூடவே, கேம் பாய் விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் விஷுவல் பாய் அட்வான்ஸ் என்ற மென்பொருளும் போக்கிமான் விளையாட்டுகளும் இருந்தன. போக்கிமான் கார்ட்டூனின் பிகாச்சுவைத் தொலைக்காட்சியில் பார்த்து வளர்ந்தவர்கள் அதன் மூல விளையாட்டை அப்போதுதான் பார்த்தார்கள். ஜப்பானில் அது வெளிவந்தது 1996 பிப்ரவரி 27இல். இடையில் பதினைந்து ஆண்டுகள் போயிருந்தன.

அம்புக்குறி விசைகளில் நடை, இசட்டும் எக்ஸும் இரண்டு பொத்தான்கள், ஸ்பேஸ் பாரை அமுக்கிப் பிடித்தால் ஆட்டம் பறக்கும். 2012இல் சென்னைக்கு வெளியே நாளுக்குப் பத்து மணி நேரத்துக்கு மேல் மின்வெட்டு இருந்தது. விசிறியும் டிவியும் நின்ற இருட்டில், பேட்டரி தாங்கும்வரை லேப்டாப் திரை மட்டும் ஒளிர்ந்தது. படிக்கக் கொடுத்ததில் விளையாடுகிறார்கள் என்று குறை சொன்னவர்கள் உண்டு. ஆனால் போக்கிமான் விளையாட்டில் பாதி நேரம் ஆங்கில வசனம் படிப்பதிலேயே போகும். விளையாட்டில் வரும் ஊர்க்காரர் ஒருவர் சொல்லும் குறிப்பைப் புரிந்துகொள்ளாமல் அடுத்த ஊருக்குப் போக முடியாது. தமிழ்வழியில் படித்த ஒரு பிள்ளை யாரும் கட்டாயப்படுத்தாமல் மணிக்கணக்கில் ஆங்கிலம் படித்தது. ஃபைலைப் பிரிப்பதையும் எந்த ஃபோல்டரில் வைப்பது என்பதையும் தானே கற்றுக்கொண்டது. அந்த லேப்டாப்பால் கிடைத்த படிப்பில் இதையும் சேர்த்துத்தான் கணக்குப் போட வேண்டும்.

இப்படி ஒரு கருவி இன்னொன்றாக நடிப்பதை எமுலேஷன் என்கிறார்கள். விளக்க வெளியூர் உதாரணம் தேட வேண்டியதில்லை. பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் 18 மீட்டர் நீளக் கல்மரம் ஒன்று கிடக்கிறது. புவியியலாளர் எம்.எஸ். கிருஷ்ணன் 1940இல் கண்டறிந்தது. வயது சுமார் 12 கோடி ஆண்டுகள். அதில் மரம் என்ற பொருள் இன்று இல்லை. மரத்தின் இடத்தைக் கனிமம் மெல்ல மெல்லப் பிடித்துக்கொண்டது. ஆனாலும் பார்த்தவுடன் மரம் என்று தெரிகிறது, ஏனென்றால் வடிவம் தப்பிவிட்டது. கேம் பாயின் சிப்பும் பிளாஸ்டிக்கும் இல்லாமல் அதன் நடத்தை மட்டும் புதிய சிப்பில் பதிந்து நிற்பதும் அப்படித்தான்.

நின்டெண்டோவும் ஓரளவு பழையதைச் சுமந்தது. 2001இல் வந்த கேம் பாய் அட்வான்ஸில் பழைய கேம் பாய் கேசட்டைச் செருகி ஆடலாம். 2004இல் வந்த டிஎஸ் கருவி அட்வான்ஸ் கேசட்டை மட்டும் ஏற்றது; அதற்கு முந்தையவை வெளியே நின்றன. ஸ்விட்ச் கருவியில் சந்தா கட்டி கேம் பாய் விளையாட்டுகளை ஆடும் வசதி 2023 பிப்ரவரியில் வந்தது. அந்த ஸ்விட்ச் இந்தியாவில் முறைப்படி விற்பனைக்கு வரவே இல்லை.

இன்று அந்த இடத்தை நிரப்புபவை அன்பெர்னிக், மியூ போன்ற சீன நிறுவனங்களின் சிறு கருவிகள். சில ஆயிரம் ரூபாய்க்கு ஆன்லைனில் வாங்கலாம். இவற்றில் பழைய விளையாட்டு எவ்வளவு ஒழுங்காகத் தெரியும் என்பது எளிய வகுத்தல் கணக்கு. 640க்கு 480 புள்ளி கொண்ட திரையில் கேம் பாய் படத்தைச் சரியாக மூன்று மடங்கு பெரிதாக்கினால் 480க்கு 432 வரும். சுற்றிலும் கறுப்பு விளிம்பு நிற்கும். விளிம்பு வேண்டாம் என்று இழுத்தால் சில புள்ளிகள் தடித்தும் சில மெலிந்தும் கோணலாகும். 2021 டிசம்பரில் வந்த அனலாக் பாக்கெட் கருவி 1600க்கு 1440 திரை வைத்து, ஒவ்வொரு பழைய புள்ளியையும் பத்துக்குப் பத்தாக்கி இந்தச் சிக்கலைத் தீர்த்தது. விலை அதிகம், அசல் கேசட்டையே அதில் செருகலாம். வாங்குபவர்கள் திரையின் அங்குலத்தைப் பார்ப்பதைவிட இந்தக் கணக்கைப் போட்டுப் பார்ப்பது நல்லது.

இந்தக் கருவிகளோடு ஆயிரக்கணக்கான விளையாட்டுகளை ஏற்றிய மெமரி கார்டும் சேர்ந்து வருவதுண்டு. எண்ணிக்கையைக் காட்டி விற்ற ‘9999 இன் 1’ திரும்பி வந்ததுபோல இருக்கிறது. அவற்றுக்கும் உரிமம் கிடையாது. இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957இன் 52ஆம் பிரிவு, முறையாக வைத்திருப்பவர் தன் மென்பொருளுக்குப் பாதுகாப்புப் படி எடுத்துக்கொள்ள இடம் தருகிறது; இப்படி ஏற்றி விற்க அல்ல. மறுபக்கம் இன்னொரு உண்மை: அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான பழைய விளையாட்டுகளில் 87 சதவீதம் இன்று விற்பனையிலேயே இல்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் கணக்கெடுத்துச் சொன்னது. காசு கொடுக்கத் தயாராக இருப்பவருக்கும் வாங்க வழியில்லாதபடி உரிமையாளர்கள் கதவைச் சாத்தி வைத்திருப்பது சரியில்லை. அசல் கேசட்டுகளோ தாமாகவே மறந்துகொண்டிருக்கின்றன. போக்கிமான் கேசட்டுக்குள் சேமித்த ஆட்டத்தைக் காப்பது ஒரு வட்டப் பேட்டரி. பதினைந்து, இருபது ஆண்டுகளில் அது தீர்ந்தால் ஆட்டமும் போய்விடும்.

பரணில் பழைய பிரிக் கேமோ நோக்கியாவோ இருந்தால், பழைய பிளாஸ்டிக் வாங்க வருபவரிடம் எடை போடுவதற்கு முன் ஒருமுறை இறக்கிப் பாருங்கள். பேட்டரியைக் கழற்றி வையுங்கள். கசிந்து தகடுகளை அரிப்பது அதுதான். 2011, 2012இல் வாங்கிய இலவச லேப்டாப் இன்னும் உயிரோடிருந்தால் அதில் போக்கிமான் ஃபோல்டரைத் தேடுங்கள். ஷிஃப்டும் எஃப்1உம் அமுக்கிச் சேமித்தது பெரும்பாலும் வேறு கருவியில் எடுபடாது. விளையாட்டுக்குள்ளேயே போய் சேவ் கொடுத்திருந்தால் .எஸ்ஏவி என்று முடியும் சிறு ஃபைல் ஒன்று இருக்கும். அதைப் பென் டிரைவில் எடுத்து வையுங்கள். இன்றைய கைக்கருவிகள் பெரும்பாலும் அந்த ஃபைலைப் படிக்கும். மின்வெட்டு இரவில் விட்ட ஆட்டம் விட்ட இடத்திலிருந்தே தொடங்கும்.