ஹாமெட்டின் மௌனம்: டோல்படில் என்கிற ஊரை முன்வைத்து

தொழிற்சங்க வகுப்புகளுக்குப் போயிருப்பவர்களுக்கு டோல்படில் என்கிற பெயர் புதுசில்லை. 1834, இங்கிலாந்து, ஆறு விவசாயக் கூலிகள், சங்கம் வைத்ததற்காக நாடு கடத்தல் என்று வகுப்பெடுக்கிற தோழர் ஒரே மூச்சில் சொல்லிவிட்டு சார்ட்டிஸ்ட் இயக்கத்துக்குப் போய்விடுவார். நானும் அப்படிக் கேட்டு நோட்டில் குறித்துக்கொண்டவன்தான். ஆறு பேரும் தியாகிகள், ஊர் தியாகிகளின் ஊர். அந்த ஒரு வரியில் எனக்குச் சந்தேகம் தட்டியது ரொம்பப் பிற்பாடு. ஆறு பேரில் ஐந்து பேர் கனடாவில் செத்திருக்கிறார்கள். ஊருக்கே திரும்பி வந்து வாழ்ந்த ஒருத்தர் டார்செஸ்டர் ஏழைகள் விடுதியில் செத்திருக்கிறார். அப்படியானால் நாம் கொண்டாடுவது எந்த ஊரை?

டோல்படில் டார்செட் மாவட்டத்தில், டார்செஸ்டருக்குக் கிழக்கே ஏழெட்டு மைலில், பிடில் ஆற்றங்கரையில் இருக்கிற சின்ன ஊர். ஊர்ப் பெயருக்குள்ளேயே ஒரு தானம் இருக்கிறது. பதினோராம் நூற்றாண்டில் டோலா என்கிற விதவை தன் நிலத்தை அபட்ஸ்பரி மடத்துக்கு எழுதிக்கொடுத்தாள். அவள் பெயர் ஆற்றின் பெயரோடு ஒட்டிக்கொண்டது. தேவதானக் கல்வெட்டுகளைப் பாடமாகப் படித்த என் மாதிரி ஆளுக்கு இதெல்லாம் பழகின சங்கதி: கொடுத்தவர் பெயர் நிற்கும், உழுதவன் பெயர் நிற்காது. எட்டாம் ஹென்றி மடங்களைக் கலைத்த பிறகு நிலம் கனவான்கள் கைக்குப் போனது. உழுகிறவன் களிமண்ணும் வைக்கோலும் குழைத்துக் கட்டின சுவருக்குள்ளேயே இருந்தான்.

1818இல் அந்த மாதிரிச் சுவரிலேயே மெதடிஸ்ட்காரர்கள் ஒரு சின்ன ஜெபக்கூடம் கட்டினார்கள். ஆங்கிலத் திருச்சபையின் கோயில் பண்ணையாருக்கும் பாதிரியாருக்கும் உரிய இடம். இது கூலிகளின் இடம். ஜார்ஜ் லவ்லெஸ் ஏர் உழுகிறவர், தானாகவே படித்துக்கொண்டவர், மெதடிஸ்ட் பிரசங்கி. மெதடிசம் தொழிலாளியின் மனதை அடக்கிப் பழக்கியது என்று இ.பி. தாம்ப்சன் கடுமையாகவே எழுதியிருக்கிறார். டோல்படில் வரைக்கும் வந்து பார்த்தால் அது பாதிதான். கூட்டம் நடத்த, கணக்கு வைக்க, நாலு பேர் முன்னால் எழுந்து நின்று பேச அந்தக் கூலிகளுக்கு வேறு எங்கே கற்றுக்கொடுத்தார்கள்?

1830இல் தென் இங்கிலாந்து முழுக்கக் கதிரடிக்கும் யந்திரங்களை உடைத்தார்கள், வைக்கோல் போர்களைக் கொளுத்தினார்கள். 'கேப்டன் ஸ்விங்' என்று இல்லாத ஒரு ஆளின் பெயரில் மிரட்டல் கடிதங்கள் போயின. டார்செட்டில் அதை எதிர்த்துக் களத்தில் இறங்கின மாஜிஸ்ட்ரேட் ஜேம்ஸ் ஃபிராம்ப்டன். அவரைப் பிறகும் பார்ப்போம். இந்தக் கலவரத்துக்குப் பின்னால் டோல்படில் கூலிகள் பண்ணைக்காரர்களிடம் நயமாகவே பேசிப் பார்த்தார்கள். மற்ற இடங்களில் கொடுக்கிற கூலியை இங்கேயும் கொடுப்போம் என்று ஊர்ப் பாதிரியார் முன்னிலையில் வாக்கு வாங்கியதாக லவ்லெஸ் எழுதுகிறார். கொஞ்ச நாளில் வாரக் கூலி ஒன்பது ஷில்லிங் ஆயிற்று, அப்புறம் எட்டு, அப்புறம் ஏழு. ஆறாகப் போகிறது என்றார்கள். பாதிரியாரிடம் போய் முறையிட்டால், நான் அப்படி ஒரு பேச்சையே கேட்கவில்லை என்று கையை விரித்துவிட்டார். எழுத்தில் இல்லாத வாக்கு, போச்சு.

இதற்கப்புறம் அவர்கள் செய்தது கலவரம் இல்லை, சங்கம். 1833இல் விவசாயக் கூலிகளின் நட்புச் சங்கம். சேர ஒரு ஷில்லிங், வாரம் ஒரு பென்னி. தாமஸ் ஸ்டேண்ட்ஃபீல்டின் குடிசையில் கண்ணைக் கட்டி அழைத்துப்போய், எலும்புக்கூடு வரைந்த ஒரு படத்துக்கு முன்னால் நிறுத்திச் சத்தியம் வாங்கினார்கள். நம் முற்போக்கு நண்பர்களுக்கு இந்த எலும்புக்கூடு கொஞ்சம் சங்கடம். மறந்துவிட்டுப் போகப் பார்ப்பார்கள். எனக்கு அதுதான் முக்கியமாகப் படுகிறது. வாயால் கொடுத்த வாக்கு காற்றில் போனதைக் கண்ணால் கண்டவர்கள், வாக்கை மரணத்தோடு கட்டிப்போடப் பார்த்தது எப்படி மூடத்தனம் ஆகும்?

ஆனால் அதிகாரம் கையைப் போட்டதும் அதே இடத்தில்தான். சங்கம் வைப்பதற்கு இருந்த தடை 1824இலேயே நீங்கிவிட்டது, சங்கத்தை அடிக்க வழியில்லை. எனவே சத்தியத்தை அடித்தார்கள். 1797இல் கப்பற்படைக் கலகத்துக்கு எதிராகக் கொண்டுவந்த ரகசியப் பிரமாணச் சட்டத்தைத் தூசு தட்டி எடுத்தார்கள். 1834 பிப்ரவரியில் கைது, மார்ச்சில் டார்செஸ்டரில் விசாரணை. குற்றச்சாட்டை ஏற்று அனுப்பின பெரிய ஜூரியின் தலைவர் உள்துறை அமைச்சர் மெல்போர்னின் மைத்துனர். ஃபிராம்ப்டனும் அதில் ஒரு உறுப்பினர். ஏழு வருஷம் நாடு கடத்தல். நேராக அடிக்க முடியாத இடத்தில் பக்கவாட்டிலிருந்து அடிக்கிற இந்த ஆங்கிலச் சட்ட வித்தை நமக்கும் வந்து சேர்ந்தது. 1920இல் பக்கிங்ஹாம் ஆலைத் தகராறில் மெட்ராஸ் லேபர் யூனியன் தலைவர்கள் மேல் போட்ட வழக்கு, தொழிலாளிகளை ஒப்பந்தத்தை மீறும்படி தூண்டினார்கள் என்பதுதான். 1926 தொழிற்சங்கச் சட்டம் வருகிற வரைக்கும் இங்கே அதற்குப் பாதுகாப்பு இல்லை.

டைனா ஸ்டேண்ட்ஃபீல்ட் என்று ஒரு பெண். ஜார்ஜ் லவ்லெஸும் ஜேம்ஸ் லவ்லெஸும் அவளுடைய உடன்பிறந்தவர்கள். தாமஸ் கணவர், ஜான் மகன். ஆறு பேரில் நாலு பேர் ஒரே பெண்ணின் வீட்டு ஆட்கள். ஐந்தாவது ஆள் ஜேம்ஸ் பிரைன் திரும்பி வந்து அவள் மகளைக் கட்டிக்கொண்டான். ஆண்கள் கப்பலேறின பிறகு இந்தக் குடும்பங்களுக்கு ஊர் ஏழை நிதியிலிருந்து உதவி கொடுக்க மறுத்துவிட்டார்கள். சங்கத்தில் சேரக் காசு இருந்ததல்லவா, அதில் சாப்பிடுங்கள் என்கிற நியாயம். பாதிரியார், பண்ணைக்காரர், மாஜிஸ்ட்ரேட், ஏழை நிதி எல்லாம் சேர்ந்த ஒரு பொறியாகத்தான் அந்த ஊர் எனக்குத் தெரிகிறது. சோறு போட்டது லண்டனில் தொழிலாளிகள் அமைத்த கமிட்டி. ஏப்ரல் 21ஆம் தேதி கோப்பன்ஹேகன் மைதானத்தில் பல்லாயிரம் பேர் கூடினார்கள். இரண்டு லட்சத்துக்கு மேல் கையெழுத்து. 1836 மார்ச்சில் முழு மன்னிப்பு. தியாகிகளைத் தியாகிகளாக்கினது லண்டன்.

இனி ஹாமெட். ஜேம்ஸ் ஹாமெட் மற்றவர்கள் மாதிரி இல்லை. லவ்லெஸ் குடும்பத்து உறவு கிடையாது. அதற்கு முன்பே இரும்புத் துண்டு திருடினதாக நாலு மாசம் ஜெயிலுக்குப் போனவர். இதைவிட முக்கியம், அந்த டிசம்பர் ராத்திரி சத்தியம் நடந்த குடிசையில் அவர் இல்லவே இல்லை என்பது. இருந்தது சகோதரன் ஜான். ஜானின் மனைவி கர்ப்பமாக இருந்ததால் அடையாளம் மாறிப்போனதை ஹாமெட் வாய் திறந்து சொல்லாமல் போய்விட்டார் என்பதுதான் பரவலாகச் சொல்லப்படுவது. கோர்ட்டில் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் தான் தப்பித்திருக்கலாம், சகோதரன் மாட்டியிருப்பான்.

ஆஸ்திரேலியாவில் அவரை எட்வர்ட் ஜான் அயர் என்கிற இளைஞனின் பண்ணைக்கு ஒதுக்கினார்கள். ஒரு பவுனுக்கு என்னை விற்றார்கள் என்று ஹாமெட் பிற்காலத்தில் சொன்னதாகப் பதிவு இருக்கிறது. அந்த அயர்தான் 1865இல் ஜமைக்கா கவர்னராக இருந்து, மோரன்ட் பேயில் எழுந்த கறுப்பு மக்களில் நானூறுக்கு மேற்பட்டவர்களைக் கொல்லவைத்தவர். ஆங்கிலக் கிராமத்துக் கூலியின் கதை தனியாக இல்லை, ஜமைக்காக் கரும்புக்காட்டுக் கதையோடு ஒரே எஜமானன் மூலமாக முடிச்சுப் போட்டிருக்கிறது. டோல்படிலைப் பற்றிப் பேசுகிறபோது நாம் இந்த முடிச்சை அவிழ்த்துப் பார்ப்பதே கிடையாது.

மற்றவர்கள் 1837, 38இல் திரும்பினார்கள். ஹாமெட் மேல் அங்கே ஒரு அடிதடி வழக்கு இருந்ததால் 1839இல்தான் வந்தார். ஜார்ஜ் லவ்லெஸ் தன் அனுபவத்தைப் புத்தகமாக எழுதினார். மற்ற நாலு பேர் சேர்ந்து 1838இல் இன்னொரு புத்தகம் போட்டார்கள். ஐந்து பேர் பிரதி ஆகிவிட்டார்கள். ஹாமெட்டுக்குப் பிரதி இல்லை. கமிட்டி எஸ்ஸெக்ஸில் குத்தகைக்குப் பிடித்துக் கொடுத்த பண்ணையில் கொஞ்ச நாள் இருந்துவிட்டு அவர் ஊருக்கே போய்விட்டார். அந்த ஐந்து பேரும் குத்தகை முடிகிற சமயத்தில் கனடாவின் ஒன்டாரியோவுக்குக் குடும்பத்தோடு கிளம்பினார்கள், டைனாவும்தான். அங்கே பழைய கதையைப் பேசவே இல்லை என்கிறார்கள்.

விளிம்புநிலை மனிதரால் பேச முடியுமா என்கிற ஸ்பிவாக்கின் கேள்வியை இந்த இடத்தில் கொண்டுவந்து ஒட்டுவது சுலபம். நான் ஒட்டப்போவதில்லை. ஹாமெட் பேச முடியாதவர் இல்லை. அதே பண்ணையார்கள் நடுவே குடியிருந்து, கட்டட வேலைக்குப் போய்க் கூலி வாங்கி, பிள்ளை குட்டிகளை வளர்க்க வேண்டிய ஆள். பேசினால் அடுத்த நாள் வேலை இருக்குமா? கோர்ட்டில் சகோதரனுக்காக மூடின வாயை ஊரில் சோற்றுக்காக மூடிக்கொண்டார் என்றுதான் நான் வாசிக்கிறேன். 1875இல் ஜோசப் ஆர்ச்சின் விவசாயத் தொழிலாளர் சங்கம் பக்கத்து ஊரில் கூட்டம் போட்டு அவருக்கு ஒரு கடியாரம் கொடுத்து மரியாதை செய்தது. நாற்பது வருஷம் கழித்து. அப்புறம் கண் பார்வை போனது. பிள்ளைகளுக்குப் பாரமாக இருக்க வேண்டாம் என்று தானே ஏழைகள் விடுதிக்குப் போனார். 1891 நவம்பரில் இறந்தார். அடக்கத்தின்போது யாரும் சங்கத்தைப் பற்றிப் பேசிவிடக் கூடாது என்று பண்ணையார் குழியருகே வந்து நின்றதாக ஒரு கதை ஊரில் உண்டு.

நூற்றாண்டு விழா 1934இல் நடந்தது. தொழிற்சங்கக் காங்கிரஸ் ஓய்வுபெற்ற விவசாயத் தொழிலாளிகளுக்காக அங்கே ஆறு வீடுகள் கட்டியது. சின்ன மியூசியம் ஒன்றும் உண்டு. வருஷா வருஷம் ஜூலையில் கொடிகளும் பாண்டு வாத்தியமுமாய் ஊர்வலம் போகிறார்கள். ஆறு பேர் கூடிப் பேசினதாகச் சொல்லப்படுகிற சிக்கமோர் மரத்தின் வயசை 2005இல் கணக்கிட்டார்கள். 1680களில் முளைத்ததாம். மரத்துக்குக் கிடைத்த கவனிப்பு ஜெபக்கூடத்துக்குக் கிடைக்கவில்லை. அந்த மண் சுவர்க் கட்டடம் ரொம்ப காலம் பண்ணைக் கொட்டகையாகக் கிடந்தது. 2015இல்தான் அதை வாங்கிச் சீர்செய்ய ஒரு அறக்கட்டளை முன்வந்தது.

ஹாமெட்டின் கல்லறைக்கும் 1934இல்தான் கல் வந்தது. எழுத்து வெட்டினவர் சிற்பி எரிக் கில். தியாகி, தொழிற்சங்க முன்னோடி, சுதந்திரத்துக்காக நின்றவர் என்று கல்லில் இருக்கிறது. சகோதரனைப் பற்றி அதில் ஒன்றுமில்லை.