வேற்று முகங்கள் – 14: பசித்தவரும் பொன்னாசை பிடித்தவரும்

நம்மவர் ‘குப்பனும் சுப்பனும்’ என்று சொல்லும் இடத்தில் ஜெர்மானியர் ‘ஓட்டோ நார்மால்ஃபெர்பிரவுகர்’ என்பார்கள். யுத்தம் ஓய்ந்த காலத்து ரேஷன் விதிகளில், விசேஷ ஒதுக்கீடு எதற்கும் உரிமையற்ற சாமானிய நுகர்வோரைக் குறித்த வறட்டுச் சர்க்கார் சொல்லுக்கு ஓட்டோ என்ற முன்பெயரைச் சூட்டி, அதற்குக் குழிந்த கன்னமும் பசித்த கண்களும் அளித்து உலவவிட்டது, 1948-இல் வெளிவந்த ‘பெர்லினர் பல்லாடே’ என்னும் திரைப்படம். யுத்தத்திலிருந்து திரும்பிய அந்த ஓட்டோவாகத் தோன்றிய ஒல்லி மனிதரே, பின்னாளில் பெருத்த சரீரத்தாலேயே பிரசித்தி பெற்ற கெர்ட் ஃப்ரோபே என்றால், அந்தப் படத்தையும் அவருடைய பின்னாளைய படத்தையும் அடுத்தடுத்துப் பார்த்தவர்களும் சட்டென்று நம்பமாட்டார்கள்.

1913-இல் ஸ்விக்காவ் நகரை அடுத்த ஓபர்பிளானிட்ஸில் பிறந்து, பிடில் வாசித்து, டிரெஸ்டனில் நாடகத் திரைச்சீலை எழுதப் பழகி, பிறகே மேடையேறியவர் அவர். பசி தெளிந்து மேற்கு ஜெர்மனி பருக்க, அவரும் பருத்தார்.

1958-இல், ஸ்விஸ் எழுத்தாளர் டூரன்மாட்டின் கதையமைப்பில் உருவான ‘பட்டப்பகலில் நடந்தது’ என்ற பொருள்படும் படத்தில், சிறுமியரைக் கொல்லும் ஷ்ரோட்டாக நடித்தார். வீட்டில் அதிகாரம் செலுத்தும் மனைவியின் ஏச்சுக்கு முன் தலைகவிழ்ந்து நிற்கும் அதே மனிதன், காட்டோரத்தில் கைப்பொம்மையை விரலில் மாட்டி ஆட்டிக் குழந்தையை வசப்படுத்துகையில், அந்த முகத்தில் குரூரம் இல்லை, கனிவே இருக்கிறது, பயங்கரமும் அதுவே. இதைக் கண்டுதான் ஜேம்ஸ் பாண்ட் படக்காரர்கள் அவரைத் தேடி வந்தார்கள்.

1964-இல், பொன்னாசை பிடித்த வில்லனாக அவர் நடித்த ‘கோல்ட்ஃபிங்கர்’ வந்தது. ஆங்கிலம் அவருக்கு வசப்படாமையால் மைக்கேல் காலின்ஸ் என்ற ஆங்கில நடிகர் பின்னணிக் குரல் கொடுத்தார். உலகம் மெச்சிய வில்லனின் குரல் இரவற்குரல். ஜெர்மன் பதிப்பில் மட்டுமே சொந்தக்குரல். என்னைக் கேட்டால், அந்தப் பதிப்பே மேல்.

இளமையில் நாஜிக் கட்சியில் உறுப்பினராயிருந்து 1937-இல் விலகியவர் என்பது அம்பலமானபோது, இஸ்ரேலில் அவர் படங்கள் தடைசெய்யப்பட்டன. தம்மையும் தம் தாயையும் அந்நாளில் மறைத்துவைத்துக் காத்தவர் ஃப்ரோபே என்று யூதர் ஒருவர் முன்வந்து சாட்சி சொன்ன பிறகே தடை நீங்கிற்று. 1966-இல் ‘பாரிஸ் எரிகிறதா?’ படத்தில் ஜெர்மானியத் தளபதி ஃபான் கோல்டிட்ஸாகவும் அவர் தோன்றினார்.

முதுமையில் தொலைக்காட்சித் தொடர்களிலும் தலைகாட்டியவர், 1988-இல் மூனிக்கில் காலமானார். ஆயினும் ஜெர்மானியக் குழந்தைகளுக்கு அவர் 1974-இல் நடித்த கொள்ளைக்காரன் ஹோட்ஸன்பிளாட்ஸ்தான்: சுழற்றினால் பாட்டிசைக்கும் காப்பிக்கொட்டை யந்திரத்தைப் பாட்டியிடமிருந்து பறித்துக்கொண்டு ஓடும் தாடிக்காரன். அவனைப் பிடிக்கப் புறப்படுபவனோ, ஜெர்மானியப் பொம்மலாட்டத்தின் நிரந்தரக் கதாநாயகனான கஸ்பெர்ல்.