கிறிஸ் பார்னார்ட்

கிறிஸ் பார்னார்ட் (1939–2015): ஆப்பிரிக்கான்ஸ் மொழி நாவலாசிரியர், நாடகாசிரியர், திரைக்கதையாசிரியர். 1967இல் கேப் டவுனில் இதய மாற்று அறுவை செய்த மருத்துவர் கிறிஸ்டியான் பார்னார்ட் வேறொருவர்.

தென்னாப்பிரிக்காவின் நெல்ஸ்ப்ரைட் அருகே மட்டாஃபினில் பிறந்தார். 1960களில் ஆப்பிரிக்கான்ஸ் இலக்கியத்துக்குப் புது ரத்தம் பாய்ச்சிய ‘செஸ்டிகர்ஸ்’ தலைமுறையைச் சேர்ந்தவர். அந்நாட்டில் தொலைக்காட்சி ஒளிபரப்பு 1976இல்தான் முறையாகத் தொடங்கியது. அதுவரை வீடுதேடி வந்த நாடகம் வானொலி நாடகமே. பார்னார்டின் கை பழகியதும் அதில்தான். புரட்சிக் கனவில் வாழும் ஓர் அரசாங்க எழுத்தரைப் பற்றிய ‘லாஃப்ராஸ் ஃபெர்வெய்யின் கிளர்ச்சி’ அவருடைய வானொலி நாடகங்களுள் பேர்பெற்றது. அவருடைய மகன் சைமன் பார்னார்ட் 2017இல் அதைப் படமாக்கினார்.

மனைவியும் இயக்குநருமான கத்திங்கா ஹேய்ன்ஸுக்காக எழுதியவையே அவருடைய முக்கியமான திரைக்கதைகள். டாலின் மத்தியின் நாவலைத் தழுவிய ‘ஃபீலாவின் பிள்ளை’ 1988இல், நிறவெறிச் சட்டங்கள் நடப்பில் இருந்தபோதே வெளிவந்தது. காட்டில் தொலைந்த வெள்ளைக் குழந்தையை எடுத்து வளர்க்கிறாள் கலப்பினத் தாய் ஃபீலா. குடிக்கணக்கு எடுக்க வந்தவர்களின் கண்ணில் பட்டதால் பிள்ளை பறிபோகிறான். ஷலீன் சர்ட்டி-ரிச்சர்ட்ஸ் ஃபீலாவாகவே வாழ்ந்தார்.

1991இல் ‘கிளாரா ஃபில்யேயின் கதை’ வந்தது. காதலனைப் பறித்த கடலுக்கு முதுகு காட்டி வாழும் பெண் அதன் நாயகி. அடுத்து வந்த ‘பல்யாஸ்’ (1997) அவருடைய உச்சம். காரூ வறண்ட நிலத்தில் ஆளரவமற்ற ரயில் நிலையம். நிலைய அதிகாரியின் குடும்பத்தில் ஒருவரோடொருவர் முகம் கொடுப்பதில்லை. மகன் வில்லெம் பேச்சையே நிறுத்திவிட்டான். வழிதவறி வந்த சர்க்கஸ் ரயில் விட்டுச்சென்ற கோமாளி அவனை மெல்லத் திறக்கிறான். ஊரோ அதில் பிசாசின் வேலையைக் காண்கிறது. குரலை மட்டுமே நம்பும் வானொலியில் வளர்ந்தவர், பேசாத சிறுவனை நடுவே வைத்து ஒரு முழுப் படத்தை எழுதியதுதான் இதன் அருமை. உரையாடல் குறையக் குறைய, அந்த வீட்டில் யார் யாரைப் பார்க்கிறார்கள், யார் முகம் திருப்புகிறார்கள் என்பதே கதையை நடத்துகிறது. வெளிநாட்டுமொழிப் பட ஆஸ்கருக்குத் தென்னாப்பிரிக்கா இதைத்தான் அனுப்பியது.

2012இல் வந்த ‘டீ வொன்டர்வெர்க்கர்’, கறையான்களையும் பபூன் குரங்குகளையும் ஆராய்ந்த கவிஞர் யூஜீன் மராயைப் பற்றியது. 1908இல் வாட்டர்பெர்க் பண்ணை ஒன்றில் காய்ச்சலோடு வந்து தங்கும் மராயை மேதையாக மட்டும் காட்டிப் பார்னார்ட் தப்பித்துக்கொள்ளவில்லை. அவரை விடாத மார்ஃபின் பழக்கமும், அதனால் அந்த வீட்டில் விளையும் குழப்பமும் கதையின் நடுவிலேயே இருக்கின்றன.