லலிதா பவாரின் திரைவாழ்வு: முகமும் பாத்திரமும்

முன்னுரை

இந்தித் திரைப்பட வரலாற்றில் கொடிய மாமியார் என்னும் பாத்திர வார்ப்பின் முகமாகவே அறியப்பட்டவர் லலிதா பவார் (1916–1998). 1942இல் நேர்ந்த விபத்தே அவரை எதிர்நிலைப் பாத்திரங்களுக்கு உரியவராக்கியது என்பது பொதுவாக நிலவும் கருத்தாகும். அக்கருத்து எவ்வளவு பொருந்தும் என்பதை அவர் நடித்த படங்களின்வழி ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

விபத்துக்கு முன்

மராட்டியத்தின் நாசிக் மாவட்டத்து யேவலாவில் பிறந்த இவரது இயற்பெயர் அம்பா. பேசாப்படக் காலத்திலேயே சிறுமியாகத் திரைக்கு வந்தவர். 'கைலாஷ்' (1932) என்னும் பேசாப்படத்தின் தயாரிப்பிலும் பங்குகொண்டு நடித்தார். டால்ஸ்டாயின் 'புத்துயிர்ப்பு' நாவலைத் தழுவிய 'துனியா கியா ஹை' (1938) படத்தின் தயாரிப்பிலும் அவருக்குப் பங்குண்டு. அழகிய நாயகி முகத்தை இழந்த கதையாக மட்டும் அவர் வாழ்வைச் சொல்லுவோர் இப்பகுதியைக் கருதுவதில்லை.

விபத்தும் பாத்திர மாற்றமும்

'ஜங்-இ-ஆசாதி' படப்பிடிப்பில், கன்னத்தில் அறையும் காட்சியொன்றில் அடி வலுவாக விழுந்தது. முகவாதம் ஏற்பட்டது, நெடுநாள் மருத்துவத்துக்குப் பின்னும் இடக்கண் பழைய நிலையை அடையவில்லை. நாயகி வேடம் அத்துடன் முடிவுற்றது. பிரபாத் நிறுவனத்தின் 'ராம்சாஸ்திரி' (1944) படத்தில் பேஷ்வா குடும்பத்து ஆனந்திபாயாகவும், சாந்தாராமின் 'தஹேஜ்' (1950) படத்தில் மருமகளை வதைக்கும் மாமியாராகவும் தோன்றினார். சுருங்கிய அக்கண் வஞ்சகத்தின் குறியாகப் பார்வையாளர் மனத்தில் பதிந்தது.

எனினும், அதே முகத்தோடு 'ஸ்ரீ 420' (1955) படத்தில் வாழைப்பழம் விற்கும் எளிய பெண்ணாக நாயகனிடம் பரிவு காட்டினார். ரிஷிகேஷ் முகர்ஜியின் 'அனாரி' (1959) படத்தில், வாய் கடிந்தாலும் நெஞ்சம் கனிந்த திருமதி டிசாவாக நடித்துச் சிறந்த துணைநடிகைக்கான பிலிம்பேர் விருது பெற்றார். 1961இல் சங்கீத நாடக அகாதமி விருதும் அவருக்கு வழங்கப்பெற்றது.

மந்தரை

'சம்பூர்ண ராமாயணம்' (1961) படத்தில் மந்தரையாக நடித்தவர், ஏறத்தாழக் கால் நூற்றாண்டுக்குப் பின் தூரதர்ஷனின் 'ராமாயண்' தொடரிலும் (1987–88) அப்பாத்திரத்தையே ஏற்றார். 2020இல் ஊரடங்கின்போது அத்தொடர் மறுபடி ஒளிபரப்பாகிப் புதிய தலைமுறையையும் அடைந்தது. தமிழ் வழக்கில் மந்தரைக்குக் கூனி என்பதே பெயராயிற்று. உடற்குறையே பெயராகிப் பழியையும் சுமந்தது. ஆயினும் கம்பர், இளமையில் இராமன் வில்லுண்டையால் அவள் கூனில் எய்ததை நினைவூட்டி, அவள் சினத்துக்கு ஒரு காரணம் காட்டுகிறார். குறையுடைய உடலுக்குள்ளும் புண்பட்ட மனம் உண்டு என்னும் இந்நோக்கு, லலிதா பவாரின் முகத்தையே கொடுமையெனக் கண்ட திரைமரபில் அரிதாகவே அமைந்தது.

முடிவுரை

விபத்து அவரிடமிருந்து பறித்தது நாயகி நிலையை மட்டுமே. கொடுமையை அம்முகத்தின் இயல்பாக்கியது, உடற்குறையை மனக்குறையின் அடையாளமாகக் கொள்ளும் மரபாகும். திருமதி டிசா அம்மரபுக்கு எதிரான சான்றாக நிற்கிறாள். எனவே விபத்தைக் கொண்டு மட்டும் லலிதா பவாரின் நடிப்பை மதிப்பிடுவது பொருந்தாது எனலாம்.