மாஸ் அப்சர்வேஷன்

மாஸ் அப்சர்வேஷன் என்பது பிரித்தானிய மக்களின் அன்றாட வாழ்க்கையையும் வீட்டுப் பழக்கவழக்கங்களையும் பதிவு செய்து ஆராயும் நோக்கில் 1937 ஆம் ஆண்டு தொடங்கப்பட்ட ஆய்வு அமைப்பு ஆகும். இப்பெயரை 'மக்கள் நோக்காய்வு' எனத் தமிழில் கூறலாம். தொலைதூர இனக்குழுக்களை ஆராய்வது போலவே சொந்த நாட்டு மக்களையும் ஆராய வேண்டும் என்பது இதன் அடிப்படைக் கருத்து.

தோற்றம்

மானிடவியல் ஆய்வில் ஈடுபட்டிருந்த டாம் ஹாரிசன், கவிஞர் சார்ல்ஸ் மாட்ஜ், திரைப்பட இயக்குநர் ஹம்ஃப்ரி ஜென்னிங்ஸ் ஆகிய மூவரும் இதனை நிறுவினர். 1937 சனவரியில் 'நியூ ஸ்டேட்ஸ்மன்' இதழில் வெளியான கடிதத்தின் வழியே தன்னார்வலர்களுக்கு அழைப்பு விடுத்தனர்.

ஆய்வு முறை

ஆய்வு இரு வழிகளில் நடைபெற்றது. பஞ்சாலை நகரமான போல்ட்டனில் நோக்காளர்கள் தங்கி, மதுவகங்கள், தேவாலயங்கள், தெருக்கள் ஆகியவற்றில் மக்களின் பேச்சையும் நடத்தையையும் குறித்துக்கொண்டனர். இந்நகருக்கு 'வொர்க்டவுன்' என்னும் புனைபெயர் இடப்பட்டது. நாடெங்கிலும் இருந்த தன்னார்வலர்களோ நாட்குறிப்பு எழுதினர். அமைப்பு அனுப்பிய வினாக்களுக்கும் விடையளித்தனர். வீட்டுக் கணப்படுப்பின் மேல்தட்டில் உள்ள பொருட்களை வரிசையாக எழுதுமாறு 1937 இல் ஒரு வினா கேட்கப்பட்டது. கடிகாரம், ஒளிப்படம், செலுத்தவேண்டிய கட்டணச் சீட்டு போன்றவற்றின் மூலம் ஒரு குடும்பத்தின் வாழ்க்கையை அறிய இது உதவியது. இதே வினா 1983 இல் மீண்டும் கேட்கப்பட்டது.

போர்க்கால நாட்குறிப்புகள்

இரண்டாம் உலகப் போர் தொடங்கிய 1939 முதல் பலர் தொடர்ந்து நாட்குறிப்பு அனுப்பினர். அவர்களுள் பாரோ-இன்-ஃபர்னஸ் நகரைச் சேர்ந்த நெல்லா லாஸ்ட் குறிப்பிடத்தக்கவர். பங்கீட்டு உணவில் சமைத்தது, மகன்களைப் பற்றிய கவலை, மணவாழ்க்கையின் மனக்குறை ஆகியவற்றை அவர் எழுதினார். அரசு ஆவணங்களில் இடம்பெறாத பெண்களின் இல்ல அனுபவம் இவ்வாறு வரலாற்றுச் சான்றானது. அவருடைய போர்க்கால நாட்குறிப்பு 1981 இல் நூலாக வெளிவந்தது.

விமர்சனங்கள்

மக்கள் அறியாமலேயே அவர்களது உரையாடல்களைக் குறித்துக்கொண்டது தனியுரிமையை மீறும் செயல் எனக் கண்டிக்கப்பட்டது. தன்னார்வலர்களில் நடுத்தர வகுப்பினர் மிகுதியாக இருந்ததால், பதிவுகள் முழு நாட்டையும் பிரதிபலிக்கவில்லை என்றும் கூறப்பட்டது. எனவே ஆய்வாளர்கள் இவற்றைப் புள்ளிவிவரங்களாக அன்றி, தனிமனிதர்களின் சாட்சியங்களாகவே பெரிதும் பயன்படுத்துகின்றனர்.

ஆவணகம்

1949 இல் இவ்வமைப்பு சந்தை ஆய்வு நிறுவனமாக மாறியது. பழைய பதிவுகள் பின்னர் சசெக்ஸ் பல்கலைக்கழகத்திடம் சேர்ந்து, 1975 இல் பொது ஆவணகமாகத் திறக்கப்பட்டன. 1981 இல் தன்னார்வலர் எழுத்துத் திட்டம் மீண்டும் தொடங்கியது. ஆறாம் ஜார்ஜ் மன்னரின் முடிசூட்டு நாளான 1937 மே 12 அன்று மக்கள் அந்நாளைக் கழித்த விதம் பதிவு செய்யப்பட்டிருந்தது. அதன் தொடர்ச்சியாக, 2010 முதல் ஆண்டுதோறும் மே 12 ஆம் நாளுக்கான நாட்குறிப்புகள் பொதுமக்களிடமிருந்து பெறப்படுகின்றன.