நெய்வேலியின் நாகரத்தினம்

நாகம் கக்கும் இரத்தினம் இருளில் ஒளிரும் என்று கேட்டு வளர்ந்தவர்கள் நாம். நெய்வேலி மண்ணுக்கடியில் கிடந்ததோ அழகற்ற பழுப்புக் கரி. அதன் எடையில் ஏறத்தாழப் பாதி ஈரம். 1930களின் நடுவில் ஜம்புலிங்க முதலியார் தம் நிலத்தில் பாசனத்துக்கு ஆழ்துளைக் கிணறு இறக்கியபோது, நீரோடு கரிய பொருளொன்றும் மேலே வந்தது.

1956இல் நிறுவனம் பதிவாயிற்று. 1957 மே மாதம் நேரு சுரங்கப் பணியைத் தொடங்கிவைத்தார். ஆனால் கரி கண்ணுக்குத் தென்பட 1961 ஆகஸ்ட் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. பெருந்தடை நீர்தான். கரிப்படுகையின் கீழே கடும் அழுத்தத்துடன் நிற்கும் ஊற்றை இரவு பகலாக இறைத்துத் தணிக்காவிட்டால், அது சுரங்கத் தரையைப் பிளந்து மேலெழும். முதலியார் எந்த நீரைத் தேடினாரோ, அந்த நீரே கரிக்கு வினையாயிற்று! 1962இல் சோவியத் உதவியோடு எழுந்த அனல்மின் நிலையம் ஒளி தரத் தொடங்கியது. 2020இல் அது ஓய்வு பெற்றது.

பெயர்ந்துபோன கிராமங்களுக்கு நம் இலக்கியத்தில் உரிய இடம் இன்னும் கிட்டவில்லை என்பது என் எண்ணம். 2023 ஜூலையில், வளையமாதேவியில் பச்சை நெற்பயிரின் மீது கால்வாய் வெட்டும் இயந்திரங்கள் இறங்கின. நிலம் முன்பே கையகப்படுத்தப்பட்டது என்றது நிறுவனம். அறுவடைவரை பொறுத்திருக்கக் கூடாதா என்று கேட்டது சென்னை உயர் நீதிமன்றம்.