கீழத்தஞ்சையில் பொதுவுடைமை இயக்கம்

கீழத்தஞ்சைப் பொதுவுடைமை இயக்கம் என்பது இன்றைய நாகப்பட்டினம், திருவாரூர் மாவட்டங்களை உள்ளடக்கிய காவிரிப் படுகையில், 1940களில் நிலமற்ற வேளாண் தொழிலாளர்களையும் குத்தகை விவசாயிகளையும் திரட்டி வளர்ந்த இயக்கமாகும்.

பின்னணி

சென்னையில் 1923 மே 1 அன்று ம. சிங்காரவேலர் மே தினம் கொண்டாடினார். 1925இல் கான்பூரில் நடந்த பொதுவுடைமையர் மாநாட்டுக்கும் அவரே தலைமை தாங்கினார். தொடக்கத்தில் இயக்கம் ஆலைத் தொழிலாளரிடமே வேரூன்றியது. 1934இல் ஆங்கில அரசு கட்சியைத் தடை செய்தது; 1942இல் தடை நீங்கியது.

அதன்பின் கட்சியின் கவனம் தஞ்சையின் மேல் விழுந்தது. கொள்ளிடத்தின் வடகரையில் உள்ள உடையார்பாளையம் பகுதியில் மானாவாரிப் பயிர்களும் முந்திரியும் மிகுதி. தென்கரையிலோ ஆற்றுப் பாசன நஞ்சை. அங்கு நிலம் மிராசுதார்களிடமும் மடங்கள், கோயில்களிடமும் குவிந்து கிடந்தது. உழைத்தவர்களில் பெரும்பாலோர் பட்டியல் சாதியினரான பண்ணையாட்கள். அவர்கள் குடியிருந்த மனைகூட நிலவுடைமையாளருக்கே சொந்தம். எதிர்த்துப் பேசினால் வேலையோடு வீடும் போகும். சாட்டையடியும் சாணிப்பால் புகட்டுவதும் வழக்கமான தண்டனைகளாக இருந்தன.

சங்கத்தின் தோற்றம்

கன்னடத்தைத் தாய்மொழியாகக் கொண்ட பி. சீனிவாசராவ் 1943இல் தஞ்சைக்கு அனுப்பப்பட்டார். மன்னார்குடி அருகே தென்பரையில் விவசாயிகள் சங்கம் அமைந்தது. அவர் சேரிகளில் தங்கி, அம்மக்களுடன் உண்டு, சங்கத்தை வளர்த்தார். கூலிக் கோரிக்கையும் தீண்டாமை எதிர்ப்பும் ஒரே போராட்டமாக இணைந்தது இவ்வியக்கத்தின் சிறப்பாகும். 1944இல் மன்னார்குடி ஒப்பந்தம் ஏற்பட்டது. பண்ணையாட்களின் பிரதிநிதிகள் மிராசுதார்களுக்குச் சமமாக அமர்ந்து பேசியது அக்காலத்தில் பெரும் மாற்றமாகும்.

அடக்குமுறைக் காலம்

விடுதலைக்குப் பின் 1948இல் கட்சி மீண்டும் தடைக்குள்ளானது. களப்பாள் குப்பு திருச்சிச் சிறையில் இறந்தார். கடல் கடந்து வேலை செய்து திரும்பிய வாட்டாக்குடி இரணியன் 1950இல் காவல் துறையினரால் சுட்டுக் கொல்லப்பட்டார். தஞ்சையில் பிறந்து மலேயாவில் தொழிற்சங்கத் தலைவரான கணபதி 1949இல் கோலாலம்பூரில் தூக்கிலிடப்பட்டார். அதே ஆண்டில் ஈராக் பொதுவுடைமைக் கட்சித் தலைவர் யூசுப் சல்மானும் பாக்தாதில் தூக்கிலிடப்பட்டார். இந்தியாவில் தேர்தல் வழி திறந்தது. 1952 தேர்தலில் சென்னை மாகாணச் சட்டமன்றத்தில் கட்சி முதன்மை எதிர்க்கட்சியாக உயர்ந்தது.

சட்டங்கள்

1952 ஆகஸ்டில் இராஜாஜி அரசு தஞ்சைப் பண்ணையாள் பாதுகாப்பு அவசரச் சட்டத்தைப் பிறப்பித்தது. பண்ணையாட்களையும் குத்தகையாளர்களையும் எளிதில் வெளியேற்ற முடியாத நிலை உருவானது. 1956இல் நியாயக் குத்தகைச் சட்டமும், 1961இல் 30 தர ஏக்கர் என்ற நில உச்சவரம்புச் சட்டமும் வந்தன. உச்சவரம்பு மசோதாவில் விலக்குகள் மிகுதி எனக் கண்டித்து விவசாயிகள் சங்கம் போராடியது. அதே ஆண்டில் சீனிவாசராவ் காலமானார்.

கீழ்வெண்மணி

1964இல் கட்சி இரண்டாகப் பிரிந்தது. எனினும் கூலிப் போராட்டம் ஓயவில்லை. 1968 டிசம்பர் 25 இரவு, கீழ்வெண்மணியில் ஒரு குடிசைக்குள் தஞ்சம் புகுந்த 44 பேர் தீயிட்டுக் கொல்லப்பட்டனர். பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும் ஆவர். கூலி உயர்வு கேட்டதும், செங்கொடியை இறக்க மறுத்ததும் அவர்கள் செய்த குற்றம். தண்டிக்கப்பட்ட நிலவுடைமையாளர்களை உயர் நீதிமன்றம் பின்னர் விடுவித்தது. 1969இல் நியாயக் கூலிச் சட்டமும், 1971இல் குடியிருப்பு மனையை உரிமையாக்கும் சட்டமும் இயற்றப்பட்டன.

இன்றைய நிலை

கீழ்வெண்மணியில் ஆண்டுதோறும் டிசம்பர் 25 அன்று நினைவஞ்சலி நடைபெறுகிறது. நாகப்பட்டினம் மக்களவைத் தொகுதியில் 2019, 2024 ஆகிய இரு தேர்தல்களிலும் இந்தியப் பொதுவுடைமைக் கட்சி வென்றது. கட்சியின் வலிமை கூடியும் குறைந்தும் வந்துள்ளது. ஆனால் சாட்டையும் சாணிப்பாலும் ஒழிந்ததும், குடியிருந்த மனைக்குப் பட்டா கிடைத்ததும் இவ்வியக்கத்தின் நிலைத்த பயன்களாகும்.